நியமன ஒப்புதலில் கல்வி அலுவலரின் எல்லை எதுவரை?

கேள்வி இதுதான்: அரசு உதவி பெறும் நடுநிலைப் பள்ளி ஒன்றில் அறிவியல் பட்டதாரி ஆசிரியர் ஓய்வு பெறுகிறார். அந்த இடத்தில் பள்ளிக் குழு தகுதியுள்ள ஒருவரை நியமிக்கிறது. ஆசிரியர் தகுதித் தேர்வான டெட்டில் தேர்ச்சியும் இருக்கிறது. ஒப்புதல் கேட்டு அனுப்பிய கருத்துரு இரண்டு முறை திரும்பி வருகிறது. முதல் முறை ‘முன் அனுமதி பெறவில்லை’ என்கிறார்கள், அடுத்த முறை ‘மாவட்டத்தில் உபரி ஆசிரியர்கள் உள்ளனர்’ என்கிறார்கள். நடுவில் ‘வேறு ஆளைப் போட்டு அனுப்புங்கள், பார்க்கலாம்’ என்று வாய்மொழியாகவும் ஒரு பேச்சு. கல்வி அலுவலருக்கு இவ்வளவு அதிகாரம் உண்டா?

வாய்மொழிப் பேச்சை முதலில் எடுத்துக்கொள்கிறேன், அதற்குத்தான் பதில் எளிது. உதவி பெறும் பள்ளியில் இன்னாரை நியமியுங்கள் என்று சொல்ல எந்தக் கல்வி அலுவலருக்கும் அதிகாரம் இல்லை. வட்டாரக் கல்வி அலுவலருக்கும் இல்லை, மாவட்டக் கல்வி அலுவலருக்கும் இல்லை, இயக்குநருக்கும் இல்லை. மற்ற இரண்டு காரணங்களுக்கும் பதில் அவ்வளவு நேரானது அல்ல. உங்கள் பள்ளி சிறுபான்மைப் பள்ளியா, பணியிடம் அனுமதிக்கப்பட்டதா, உபரி என்று யாரைக் காட்டுகிறார்கள் என்பதையெல்லாம் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

அடிப்படையிலிருந்து வருவோம். தமிழ்நாட்டில் இந்த விஷயத்தை நீண்ட காலம் ஆண்டது 1973-ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டமும் அதன்கீழ் வந்த 1974 விதிகளும். அந்தச் சட்டத்தின் 18-ஆவது பிரிவு பள்ளிக் குழுவின் பணிகளைச் சொன்னது: பள்ளியின் பொது நிர்வாகத்தை நடத்துவது, ஆசிரியர்களையும் மற்ற பணியாளர்களையும் நியமிப்பது, ஒழுங்கு நடவடிக்கை எடுப்பது. ஆக, நியமன அதிகாரி பள்ளிக் குழுதான். பள்ளிச் செயலர் கையெழுத்திடும் நியமன ஆணைதான் நியமனம். அலுவலர் தருவது நியமன ஒப்புதல். அந்த ஒப்புதலின் வேலை, நியமனம் சட்டப்படி நடந்ததா என்று சரிபார்த்து, அந்த ஆசிரியருக்கு அரசின் ஊதிய மானியத்தைத் திறந்துவிடுவது. இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வதால்தான் பாதிச் சிக்கல் வருகிறது. பல பள்ளிகளின் செயலர்களே ‘டி.இ.ஓ. (மாவட்டக் கல்வி அலுவலர்) ஆபீஸ் அப்பாயின்ட்மென்ட் தரவில்லை’ என்று பேசுகிறார்கள். நாமே அப்படிப் பேசிப் பழகிவிட்டால், எதிரே உட்கார்ந்திருப்பவரும் நியமிப்பது தான்தான் என்று நினைத்துக்கொள்வார்.

2018-ஆம் ஆண்டின் தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், அதன் விதிகளோடு 2023 ஜனவரியில் நடைமுறைக்கு வந்து பழைய சட்டத்தின் இடத்தைப் பிடித்துவிட்டது. பிரிவு எண்களும் விதி எண்களும் மாறிவிட்டன. உங்கள் நியமனத் தேதி எந்தச் சட்டத்தின் காலத்தில் வருகிறதோ அந்தச் சட்டத்தின் எண்ணைத்தான் கடிதத்தில் குறிப்பிட வேண்டும். பழைய நியமனத்துக்குப் புதிய விதியைக் காட்டி மறுப்பதும், புதிய நியமனத்துக்குப் பழைய விதியைக் காட்டுவதும் இரண்டு பக்கமும் நடக்கிறது. அதேபோல, ஒப்புதல் தரும் அதிகாரம் பெற்ற அலுவலர் யார் என்பதும் அரசாணைக்கு அரசாணை மாறியிருக்கிறது. 2018 சீரமைப்பில் முதன்மைக் கல்வி அலுவலரிடம் பல அதிகாரங்கள் போயின. 2022-இல் தொடக்கக் கல்விக்கும் தனியார் பள்ளிகளுக்கும் தனித்தனி மாவட்டக் கல்வி அலுவலர்கள் வந்தார்கள். அதிகாரம் இல்லாத அலுவலர் கையெழுத்திட்ட மறுப்பு ஆணை செல்லாது. கருத்துரு திரும்பி வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது கையெழுத்துக்குக் கீழே உள்ள பதவியைத்தான்.

சரி, ஒப்புதலுக்கு வந்த கருத்துருவில் அலுவலர் எதைப் பார்க்கலாம்? பணியிடம் அனுமதிக்கப்பட்டதா, காலியிடம் உண்மையில் ஏற்பட்டதா, நியமிக்கப்பட்டவருக்கு அந்தப் பாடத்துக்கான கல்வித் தகுதி இருக்கிறதா, வயது, சான்றிதழ் உண்மைத்தன்மை, பள்ளிக் குழு முறையாகக் கூடித் தீர்மானம் போட்டதா, பதவி உயர்வுக்கு உரியவர் பள்ளிக்குள்ளேயே இருக்கும்போது அவரைத் தாண்டிப் போனார்களா. இவ்வளவும் அவர் பார்க்க வேண்டியவை. பார்க்காமல் கையெழுத்திட்டால்தான் தவறு. உதவி பெறும் பள்ளியில் ஆசிரியர் பணியிடத்தைப் பணத்துக்கு விற்கும் நிர்வாகங்கள் இருக்கின்றன என்பது கல்வித் துறையோடு பழகும் எவருக்கும் தெரியும். அந்த அநியாயத்துக்கு ஓரளவாவது தடை போடுவது இந்தச் சரிபார்ப்புதான். அதனால் அலுவலரின் அதிகாரத்தை நான் குறைத்துப் பேசவில்லை. சரிபார்க்கும் அதிகாரத்தை வைத்துக்கொண்டு தேர்ந்தெடுக்கப் பார்ப்பதைத்தான் எதிர்க்கிறேன்.

முன் அனுமதி விவகாரத்துக்கு வருவோம். 2023 வரை நடப்பில் இருந்த 1974 விதிகளில் 15(4) என்பதுதான் இங்கே அச்சாணி. பதவி உயர்வுக்குத் திறமையும் தகுதியும் அளவுகோல், அவை ஏறக்குறைய சமமாக இருந்தால் மட்டும் பணிமூப்பு என்று அது தொடங்குகிறது. காலியிடத்தை முதலில் அந்தப் பள்ளியின் தகுதியுள்ள ஆசிரியரைக் கொண்டு பதவி உயர்வில் நிரப்ப வேண்டும். அப்படி யாரும் இல்லையென்றால்தான் வேறு பள்ளியிலிருந்து எடுப்பதோ நேரடி நியமனமோ. அந்த இரண்டு வழிக்கும் போகும்போது, ஏன் போகிறோம் என்ற காரணத்தைச் சொல்லி முன் அனுமதி பெற வேண்டும். தொடக்க, நடுநிலைப் பள்ளி என்றால் மாவட்டக் கல்வி அலுவலரிடம், உயர்நிலை, மேல்நிலைப் பள்ளி என்றால் முதன்மைக் கல்வி அலுவலரிடம்.

இந்த விதியைக் கவனமாகப் படித்தால் அதன் நோக்கம் தெரியும். பள்ளிக்குள் பல வருடம் உழைத்த ஆசிரியரைத் தள்ளிவிட்டு வெளியாளைக் கொண்டுவரக் கூடாது என்பதற்காக வைத்த தடுப்பு அது. முன் அனுமதி கேட்கும்போது அலுவலர் பார்க்க வேண்டிய கேள்வி ஒன்றே: ‘உள்ளே தகுதியுள்ளவர் இருக்கிறாரா?’ அறிவியல் பட்டதாரி ஆசிரியர் பணிக்குத் தகுதி பெற்ற இடைநிலை ஆசிரியர் பள்ளியில் இருந்தால் அனுமதியை மறுக்கலாம். இல்லையென்றால் மறுக்க இந்த விதியில் இடம் இல்லை. நியமிக்கப் போகும் ஆளின் பெயரை இந்தக் கட்டத்தில் கேட்பதற்கே முகாந்திரம் கிடையாது.

சிறுபான்மை அல்லாத பள்ளி முன் அனுமதியே கேட்காமல் நியமித்திருந்தால் அது பலவீனம்தான், மறைக்க வேண்டாம். உள்ளே பதவி உயர்வுக்கு யாரும் இல்லை என்பதைப் பணிப்பதிவேடுகளோடு காட்டி, நடந்த நியமனத்துக்குப் பிறகு தரும் அனுமதியான பின்னேற்பைக் கேட்டுப் பார்க்கலாம். அனுமதி கேட்டுக் கடிதம் போட்டும் மாதக்கணக்கில் பதில் வராததால் நியமித்தோம் என்றால் உங்கள் நிலை வலுவானது. அந்தக் கடிதமும், அது போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகையும் பத்திரமாக இருக்க வேண்டும்.

சிறுபான்மைப் பள்ளி என்றால் கதையே வேறு. 1973 சட்டம் வந்ததுமே சிறுபான்மை நிர்வாகங்கள் அதை எதிர்த்துச் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போயின. 1975 டிசம்பரில் இரு நீதிபதிகள் அமர்வு, அந்தச் சட்டத்தின் பல பிரிவுகளும் விதிகளும் சிறுபான்மை நிறுவனங்களைக் கட்டுப்படுத்தாது என்று தீர்ப்பளித்தது. அரசியலமைப்பின் 30(1) பிரிவு, மத, மொழிச் சிறுபான்மையினர் தங்கள் விருப்பப்படி கல்வி நிலையங்களை நிறுவி நிர்வகிக்கும் உரிமையைத் தருகிறது. யார் பாடம் நடத்துவது என்று தீர்மானிப்பது அந்த நிர்வாகத்தின் உயிர்நாடி என்பதில் நீதிமன்றங்களுக்குப் பெரிய சந்தேகம் எப்போதும் இருந்ததில்லை. அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியுள்ள ஆளை, சிறுபான்மைப் பள்ளி நியமித்தால் ‘முன் அனுமதி இல்லை’ என்ற ஒற்றைக் காரணத்தை வைத்து ஒப்புதலை மறுப்பது நீதிமன்றத்தில் நிற்பது கடினம்.

இந்த உரிமை எப்படி உருவானது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இரண்டு பக்கமும் தங்களுக்கு வசதியான தீர்ப்பை மட்டும் காட்டுவது வழக்கம். 1957-இல் கேரளத்தில் முதலமைச்சர் ஈ.எம்.எஸ். நம்பூதிரிபாடு அமைச்சரவையின் கல்வி அமைச்சர் ஜோசப் முண்டசேரி கொண்டுவந்த கல்வி மசோதாவின் 11-ஆவது பிரிவு, உதவி பெறும் பள்ளிகளுக்கான ஆசிரியர்களை அரசுப் பணியாளர் தேர்வாணையமே தேர்ந்தெடுத்துப் பட்டியல் தரும், மேலாளர் அதிலிருந்துதான் எடுக்க வேண்டும் என்றது. குடியரசுத் தலைவர் அதை உச்ச நீதிமன்றத்தின் கருத்துக்கு அனுப்பினார். தலைமை நீதிபதி எஸ்.ஆர். தாஸ் 1958-இல் எழுதிய கருத்துரையில், இது உரிமைக்குள் ஆழமாகப் புகுவதுதான் என்று ஒப்புக்கொண்டே, உதவிக்கான நிபந்தனையாக அதை அனுமதிக்கலாம் என்றார். அலுவலர்கள் பக்கம் இன்றும் இதைக் காட்டுவார்கள். ஆனால் கேரளமே 1960-இல் அந்தப் பிரிவைத் திருத்தி, தகுதியுள்ளவர்களிலிருந்து மேலாளரே நியமிப்பார் என்று மாற்றிக்கொண்டது.

பிறகு வந்த தீர்ப்புகள் வேறு திசையில் நடந்தன. 1974-இல் அகமதாபாத் செயின்ட் சேவியர் கல்லூரி வழக்கில் 9 நீதிபதிகள் அமர்வு, ஆசிரியரைப் பணிநீக்கம் செய்யத் துணைவேந்தரின் ஒப்புதல் வேண்டும் என்ற குஜராத் பல்கலைக்கழகச் சட்டப் பிரிவு சிறுபான்மைக் கல்லூரிக்குப் பொருந்தாது என்றது. அதற்குச் சொன்ன காரணம் நம் கேள்விக்கு நேராகப் பொருந்தும்: எந்த அடிப்படையில் ஒப்புதல் தரலாம், எந்த அடிப்படையில் மறுக்கலாம் என்று சட்டம் எதுவுமே சொல்லவில்லை; அளவுகோல் இல்லாத ஒப்புதல் அதிகாரம் நிர்வாகத்தையே பறித்துவிடும். 1998-இல் கேரளத்தின் எம்ஜே உயர்நிலைப் பள்ளி வழக்கில், பள்ளியின் மூத்த ஆசிரியர் தலைமையாசிரியர் பதவி தனக்கே என்று கேட்டார். சிறுபான்மைப் பள்ளி நிர்வாகம் தகுதியுள்ள ஒருவரை வெளியிலிருந்தும் தலைமையாசிரியராக எடுக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். சிறுபான்மைத் தகுதியை அரசு அறிவிப்பது, ஏற்கெனவே இருக்கும் உண்மையை ஏற்றுக்கொள்வது மட்டுமே என்றும் அதே தீர்ப்பு சொன்னது. சிறுபான்மைச் சான்று வந்த தேதிக்கு முந்தைய நியமனங்களை அலுவலர் மறுக்கும்போது இந்த வரி கைகொடுக்கும்.

சிறுபான்மை அல்லாத பள்ளிகளுக்கு எதுவுமே இல்லையா என்றால், இருக்கிறது. 2002 அக்டோபர் 31 அன்று டி.எம்.ஏ. பை அறக்கட்டளை வழக்கில் 11 நீதிபதிகள் அமர்வு, கல்வி நிலையம் நடத்துவது அரசியலமைப்பின் 19(1)(ஜி) பிரிவின்படி எல்லாக் குடிமக்களுக்கும் உள்ள உரிமை என்றது. அந்த உரிமைக்குள் என்னென்ன அடங்கும் என்று வரிசைப்படுத்தும்போது, ஆசிரியர்களையும் மற்றவர்களையும் நியமிப்பதையும் சேர்த்தது. உதவி பெற்றால் கூடுதல் கட்டுப்பாடுகள் வரும் என்றும் சொன்னது. இரண்டு வருடம் கழித்து மேற்கு வங்கத்தின் பிரம்ம சமாஜ் கல்விச் சங்க வழக்கில், உதவி வாங்குகிறார்கள் என்பதற்காக நிர்வாகத்தின் தன்னாட்சியை முழுவதும் பறித்துவிட முடியாது என்றது உச்ச நீதிமன்றம். அது சிறுபான்மை உரிமையைச் சார்ந்து நிற்காமல் வந்த தீர்ப்பு என்பதால், சாதாரண உதவி பெறும் பள்ளிகள் அதைத் தைரியமாக எடுத்துக்காட்டலாம். 2006-இல் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில், அரசு உதவி என்பது 30(1) உரிமையின் தன்மையை மாற்றிவிடாது, ஆனால் ஊழியர் நலனுக்கும் கல்வித் தரத்துக்குமான ஒழுங்குமுறைகள் பொருந்தும் என்று தெளிவாகத் தொகுத்துத் தந்தார்கள்.

எதிர்த் திசைத் தீர்ப்பையும் சொல்லாமல் விடக் கூடாது. 2020 ஜனவரி 6 அன்று, மேற்கு வங்க மதரஸா சர்வீஸ் கமிஷன் சட்டம், 2008 செல்லும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உதவி பெறும் மதரஸாக்களுக்கு ஆசிரியர்களைத் தேர்ந்தெடுத்து அனுப்பும் வேலையை அந்தச் சட்டம் ஒரு ஆணையத்திடம் கொடுத்திருந்தது. ‘பார்த்தீர்களா, நியமனம் நிர்வாகத்தின் உரிமை என்பதெல்லாம் போய்விட்டது’ என்று சிலர் இதை வைத்துப் பேசுகிறார்கள். அங்கே நடந்தது என்ன? ஒரு சட்டமன்றம் விவாதித்துச் சட்டம் இயற்றி, துறை அறிந்தவர்களைக் கொண்ட ஆணையத்தை அமைத்து, தேர்வு முறையையும் எழுதி வைத்தது. நம் மாவட்டக் கல்வி அலுவலகத்தில் எழுதும் ஒரு கடிதம் அதே வேலையைச் செய்ய முடியாது. சட்டமன்றத்துக்கு இருக்கக்கூடிய அதிகாரம், அந்தச் சட்டம் இல்லாத மாநிலத்தில், அலுவலருக்குத் தானாக வந்துவிடாது.

உத்தரப் பிரதேசச் சட்டத்தில் ஒரு வரி இருக்கிறது, தமிழ்நாட்டுக்கு அது பொருந்தாது என்றாலும் எல்லை எது என்பதை அவ்வளவு தெளிவாக வேறெங்கும் நான் படித்ததில்லை. 1921-ஆம் ஆண்டின் இடைநிலைக் கல்விச் சட்டத்தின் 16-எஃப்.எஃப். பிரிவு, சிறுபான்மைப் பள்ளி தேர்ந்தெடுத்தவருக்குக் குறைந்தபட்சத் தகுதி இருந்து, மற்றபடியும் அவர் உரியவராக இருந்தால், ஆய்வாளர் ஒப்புதலை நிறுத்தி வைக்கக் கூடாது என்கிறது.

இனி உபரி. இது கொஞ்சம் கனமான விஷயம், ஏனென்றால் இங்கே அரசின் பக்கமும் நியாயம் இருக்கிறது. மாணவர் எண்ணிக்கை குறைந்த பள்ளியில் கூடுதலாக இருக்கும் ஆசிரியருக்கு அரசு சம்பளம் கொடுத்துக்கொண்டிருக்கிறது. பக்கத்துப் பள்ளியில் அதே பாடத்துக்குப் புதிய ஆள் எடுத்தால் இரட்டைச் செலவு. அது பொதுப்பணம். ஒரே மேலாண்மையின்கீழ் பல பள்ளிகள் இருந்து, அதில் ஒன்றில் உபரி இருந்தால், முதலில் அவரை இங்கே மாற்றுங்கள் என்று கேட்பதில் தவறு சொல்ல முடியாது. அப்படிக் கேட்டதை உயர் நீதிமன்றமும் ஏற்றிருக்கிறது.

ஆனால் ‘மாவட்டத்தில் உபரி ஆசிரியர்கள் உள்ளனர்’ என்ற ஒரு வரி காரணம் ஆகாது. எந்தப் பள்ளியில், எந்தப் பாடத்தில், எந்தப் பயிற்று மொழியில், யார் உபரி? அவரை உங்கள் பள்ளிக்குப் பணிநிரவல் செய்து, அதாவது தேவையுள்ள இடத்துக்கு மாற்றி, ஆணை போட்டார்களா? போட்டு, நீங்கள் சேர்க்க மறுத்தீர்களா? இத்தனைக்கும் பதில் இருந்தால்தான் அது காரணம். மாவட்டத்தின் மறுகோடியில் ஒரு தமிழாசிரியர் உபரியாக இருப்பது, இங்கே அறிவியல் ஆசிரியர் இல்லாமல் உட்கார்ந்திருக்கும் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு என்ன உதவி செய்யும்? சிறுபான்மைப் பள்ளி என்றால் வேறொரு மேலாண்மையின் உபரி ஆசிரியரை ஏற்கச் சொல்வது, ஆளைத் தேர்ந்தெடுக்கும் உரிமையோடு நேராக மோதும் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

உங்கள் பணியிடமே உபரி என்று சொன்னால், பள்ளிக்கு எத்தனை பணியிடம் என்று கணக்கிடும் பணியாளர் நிர்ணயத்தை எடுத்து வைத்துக் கணக்குப் பார்க்க வேண்டும். ஆண்டுதோறும் ஆகஸ்ட் 1 நிலவரப்படி எடுக்கும் மாணவர் எண்ணிக்கைதான் அதற்கு அடிப்படை. நடுநிலைப் பள்ளி என்பதால் கல்வி உரிமைச் சட்டத்தின் அட்டவணையும் உங்களுக்கு உதவும், மத, மொழிச் சிறுபான்மைப் பள்ளி அல்லாத பட்சத்தில். 6 முதல் 8 வரை 35 பிள்ளைகளுக்கு ஒரு ஆசிரியர் என்று மட்டும் அது சொல்லவில்லை. அறிவியல்-கணிதத்துக்கு ஒருவர், சமூக அறிவியலுக்கு ஒருவர், மொழிகளுக்கு ஒருவர் கட்டாயம் இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. அந்த மூன்று வகுப்பிலும் சேர்த்து 62 பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். 35-ஆல் வகுத்தால் இரண்டு ஆசிரியர் போதும் என்று வரும். பாடவாரியாகப் பார்த்தால் மூன்று பேர் வேண்டும். ஓய்வு பெற்றவர்தான் அங்கே இருந்த ஒரே அறிவியல்-கணித ஆசிரியர் என்றால், வெறும் தலைக்கணக்கை வைத்து அந்த இடத்தை உபரி ஆக்குவது அட்டவணைக்கு எதிரானது. நிர்ணய ஆணையைப் பெரும்பாலும் பள்ளிகள் வாங்கிக் கோப்பில் வைத்துவிட்டு அப்படியே விட்டுவிடுகின்றன. அதில் கணக்குத் தவறு இருந்தால் அந்த வருடமே எழுத்தில் ஆட்சேபம் தெரிவித்திருக்க வேண்டும்.

டெட் பற்றி ஒரு வார்த்தை. 2010 ஆகஸ்ட் 23 தேதியிட்ட தேசிய ஆசிரியர் கல்விக் குழும அறிவிக்கையும், தமிழ்நாட்டில் 2011 நவம்பர் 15 தேதியிட்ட அரசாணை 181-உம் வந்த பிறகு, 8-ஆம் வகுப்பு வரையிலான நியமனத்துக்கு டெட் இல்லையென்றால் அலுவலர் மறுப்பது சரியே. சிறுபான்மைப் பள்ளிகளுக்கு 2014-இல் பிரமதி வழக்குத் தீர்ப்பால் கல்வி உரிமைச் சட்டத்திலிருந்து விலக்கு கிடைத்தது. 2025 செப்டம்பர் 1 அன்று அஞ்சுமன் இஷாத்-இ-தாலீம் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஏற்கெனவே பணியில் இருப்பவர்களில் ஓய்வுக்கு ஐந்து வருடத்துக்கு மேல் உள்ளவர்கள் இரண்டு வருடத்துக்குள் டெட் தேர்ச்சி பெற வேண்டும் என்றது. சிறுபான்மைப் பள்ளிகளின் நிலையைப் பெரிய அமர்வின் முடிவுக்கு அனுப்பியது. உங்கள் ஆசிரியருக்கு டெட் இருப்பதால் இந்த வம்பு இல்லை.

உதவி பெறாத பள்ளிகளைப் பற்றியும் கேட்பார்கள். மெட்ரிக் பள்ளியோ சி.பி.எஸ்.இ. பள்ளியோ, சம்பளம் அரசு தருவதில்லை. ஆகவே ஊதிய மானியத்துக்கான நியமன ஒப்புதல் என்ற கட்டமே அங்கே எழாது. தகுதி இல்லாதவரை வைத்திருந்தால் அங்கீகாரத்தின் வழியாகக் கேள்வி கேட்கலாம், அவ்வளவுதான். பணிநீக்கம் வேறு கதை. டெல்லி பள்ளிக் கல்விச் சட்டத்தின் 8(2) பிரிவின்படி, உதவி பெறாத தனியார் பள்ளியும் ஊழியரை நீக்க முன் ஒப்புதல் பெற வேண்டும் என்று 2016-இல் ராஜ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வழக்கைக் கொண்டுபோனவர் ஒரு பள்ளியின் ஓட்டுநர். ஆளை எடுக்கும்போது அலுவலர் தள்ளி நிற்க வேண்டும், ஆளை வெளியே அனுப்பும்போது காரணம் கேட்க வேண்டும் என்பது எனக்கும் சரியென்றே படுகிறது. நம் 1973 சட்டத்தின் 22-ஆவது பிரிவும் தற்காலிகப் பணிநீக்கத்தை இரண்டு மாதத்துக்குள் கட்டி வைத்து, மேலும் இரண்டு மாதம் நீட்டிக்க மட்டுமே அலுவலருக்கு இடம் கொடுத்திருந்தது.

அலுவலர் எப்படி முடிவெடுக்க வேண்டும் என்பதிலும் சட்டத்துக்கு எல்லைகள் உண்டு. இவை கல்விச் சட்டத்தில் எழுதப்படவில்லை, எல்லா அலுவலருக்கும் பொதுவானவை. ‘மேலிடத்தில் நிறுத்தி வைக்கச் சொல்லியிருக்கிறார்கள்’ என்பது மிகவும் பழைய காரணம். 1951-லேயே உச்ச நீதிமன்றம் அதற்குப் பதில் சொல்லிவிட்டது. பம்பாய் போலீஸ் கமிஷனர், அந்தேரியில் ஒரு சினிமாக் கொட்டகை கட்டத் தந்த அனுமதியை, அரசு சொன்னதன் பேரில் ரத்து செய்ததாக எழுதினார். கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கு அது. சட்டம் யாரிடம் அதிகாரத்தைக் கொடுத்ததோ அவர் தன் சொந்த மனதைச் செலுத்தித்தான் முடிவெடுக்க வேண்டும், வேறொருவர் சொன்னதைக் கையெழுத்திட்டு அனுப்பினால் செல்லாது என்றார்கள். இயக்குநரின் சுற்றறிக்கைக்கும் ஓர் எல்லை இருக்கிறது. விதியில் இடைவெளி இருந்தால் நிரப்பலாம், விதியை மீற முடியாது என்பது 1967-இன் சந்த் ராம் சர்மா வழக்கு முதல் நிலைத்த சட்டம்.

அடுத்தது காரணம். மறுப்பு ஆணையில் எழுதிய காரணத்தை வைத்துத்தான் அந்த ஆணை நிற்க வேண்டும். வழக்குப் போட்ட பிறகு பதில் மனுவில் புதிய காரணங்களைச் சேர்த்து அதைக் காப்பாற்ற முடியாது என்று 1977 மொகிந்தர் சிங் கில் வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதினார். உங்கள் கருத்துரு முதலில் ஒரு காரணத்துக்கும் பிறகு வேறொரு காரணத்துக்கும் திரும்பியிருக்கிறது. எல்லாக் குறைகளையும் ஒரே தடவையில் சொல்லாமல், ஒன்றைச் சரி செய்தால் இன்னொன்றைக் கிளப்புவது, மனதைச் செலுத்தவில்லை என்பதற்கே நல்ல சான்று. இரண்டு செயல்முறைக் கடிதங்களையும் தேதிவாரியாக இணைத்து வைத்தால் நீதிபதிக்கு ஒரே பார்வையில் புரியும்.

நிர்வாகத்துக்குள் தகராறு இருக்கிறது, யார் செயலர் என்று தெரியவில்லை என்று சொல்லியும் கருத்துருக்களைக் கிடப்பில் போடுவார்கள். யார் உண்மையான நிர்வாகம் என்று தீர்ப்புச் சொல்வது சிவில் நீதிமன்றத்தின் வேலை. அந்தத் தகராறு தீரும்வரை வகுப்பில் நிற்கும் ஆசிரியர் பட்டினி கிடக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. இதில் எனக்குக் கோபம் உண்டு. அலுவலரும் நிர்வாகமும் கடிதம் எழுதிக்கொண்டிருக்கும் வருடங்களில் இருவருடைய சம்பளமும் நிற்பதில்லை. நிற்பது அந்த ஒருவருடையது மட்டும்தான்.

இப்போது செய்ய வேண்டியது. வாய்மொழியாகச் சொன்னதைக் குறிப்பிட்டு, ‘இன்ன தேதியில் நேரில் வந்தபோது இப்படித் தெரிவிக்கப்பட்டது, எழுத்தில் தர வேண்டுகிறோம்’ என்று செயலர் பெயரில் ஒரு கடிதம் பதிவுத் தபாலில் போடுங்கள். பணம் கேட்டிருந்தால் அதற்குப் பேச்சுவார்த்தை தேவையில்லை, லஞ்ச ஒழிப்புத் துறை இருக்கிறது. கருத்துருவை மூன்றாம் முறை அனுப்பும்போது, இரண்டு காரணத்துக்கும் பத்திவாரியாகப் பதில் எழுதி, பணியாளர் நிர்ணய ஆணை, ஓய்வு பெற்றவரின் பணி விடுவிப்பு, பள்ளிக் குழுத் தீர்மானம், சான்றிதழ்களின் உண்மைத்தன்மை, உள்ளே பதவி உயர்வுக்கு யாரும் இல்லை என்ற சான்று எல்லாவற்றையும் வரிசை எண் போட்டு இணையுங்கள். ‘ஏற்கவோ, காரணத்தோடு மறுக்கவோ’ வேண்டும் என்று முடியுங்கள். கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில் அந்தக் கோப்பின் குறிப்புப் பக்கங்களின் நகலையும், மாவட்டத்தின் அறிவியல் உபரி ஆசிரியர் பட்டியலையும் கேளுங்கள். 30 நாளில் தர வேண்டும். பிரிவு எழுத்தர் ‘ஒப்புதல் அளிக்கலாம்’ என்று குறிப்பு எழுதி, மேலே போய் நின்றிருந்தால் அது அந்த நகலில் தெரிந்துவிடும்.

மறுபடியும் மறுத்தால் மேல்முறையீடு, பிறகு அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. பள்ளியும் போடலாம், ஆசிரியரும் போடலாம். இருவரும் சேர்ந்தே போடுவது நல்லது, ஏனென்றால் நிர்வாகம் மாறினால் பள்ளி பின்வாங்கிவிடுவதுண்டு. வழக்கறிஞரிடம் ஒன்றைத் தெளிவாகச் சொல்லுங்கள்: ‘பரிசீலிக்க உத்தரவு’ மட்டும் கேட்டால், ‘பரிசீலித்தோம், நிராகரிக்கிறோம்’ என்று எட்டாவது வாரத்தில் ஒரு தாள் வரும், வழக்கு மீண்டும் முதலிலிருந்து தொடங்கும். 2006-இல் ஆந்திர மாநிலப் போக்குவரத்துக் கழக வழக்கு ஒன்றில், வெறுமனே பரிசீலி என்பதற்கும், நீதிமன்றம் உரிமையை முடிவு செய்துவிட்டு அதன்படி பரிசீலி என்பதற்கும் உள்ள வேறுபாட்டை உச்ச நீதிமன்றம் விரிவாக விளக்கியிருக்கிறது. மறுப்பு ஆணையை ரத்து செய்யவும், நியமனத் தேதியிலிருந்து ஒப்புதல் தந்து நிலுவை ஊதியம் வழங்கவும் நேரடியாகக் கேளுங்கள்.

அதுவரை அந்த ஆசிரியர் வருகைப் பதிவேட்டில் தினமும் கையெழுத்திட வேண்டும். பாடத்திட்டக் குறிப்பேடு, மதிப்பெண் பதிவேடு, தேர்வுப் பணி ஆணை எல்லாவற்றிலும் அவர் பெயர் இருக்க வேண்டும். தனிப் பதிவேடு போட்டுக் கையெழுத்து வாங்கும் வழக்கம் சில பள்ளிகளில் உண்டு. அதைச் செய்யாதீர்கள். நிலுவை ஊதியம் கேட்கும் நாளில், அவர் உண்மையில் பணியாற்றினாரா என்பதுதான் அரசுத் தரப்பு எழுப்பும் முதல் கேள்வி.